கோர்டீலியா இறவாத லியர் நாடகம்

சேக்ஸ்பியரின் "லியர் அரசன்" நாடகத்தைப் பாடநூலாகக் கற்கும் மாணவர், இறுதிக் காட்சியை அடைந்ததும், கோர்டீலியா ஏன் இறத்தல் வேண்டும் எனக் கேளாதிருப்பதில்லை. போர் முடிந்துவிட்டது; கொடியோர் ஒருவரையொருவர் அழித்துக்கொண்டனர்; எட்மண்டும் சாகுந் தறுவாயில் மனமிரங்கித் தான் இட்ட கொலையாணையை மீட்க ஆள் விடுக்கிறான். அவ்வாள் சிறிது முந்திச் சென்றிருப்பின் அவள் பிழைத்திருப்பாள். இவ்வினாவை முதிராச் சிந்தையின் வினாவென ஒதுக்கிவிடுதல் ஆசிரியர்க்கு எளிது. ஆயின், ஆங்கில நாட்டு அரங்கு 1681ஆம் ஆண்டு தொடங்கி ஒன்றரை நூற்றாண்டுக்கு மேலாக, அவள் இறக்கவேண்டியதில்லை என்றே விடை கூறி வந்ததென்பதை மறத்தலாகாது. பெற்றர்ட்டன், காரிக் முதலாய பெருநடிகர் நடித்ததும், மக்கள் கண்ணீர் மல்கக் கண்டதும் நேகம் ரேற் என்பார் திருத்தியமைத்த லியர் நாடகமேயன்றிச் சேக்ஸ்பியர் எழுதியவாறே அமைந்த நாடகமன்று.

ரேற் டப்ளின் நகரிற் பிறந்தவர். 1692இல் அரசவைக் கவிஞர் பதவி பெற்றவர். அவர் செய்த மாற்றங்களைச் சுருங்கக் கூறுவாம். பிரான்சு மன்னன் நாடகத்தினின்றும் நீக்கப்பட்டான். குளோஸ்ரரின் மூத்த மகன் எட்கார் கோர்டீலியாவின் காதலனாயினான். அரசனைத் தொடர்ந்து சென்று கசப்பான உண்மைகளை நகைமொழியிற் கூறும் கோமாளி அறவே இல்லை. புயலிலே தந்தையைத் தேடிச் செல்லும் கோர்டீலியாவைக் கவர எட்மண்ட் ஏவிய கயவரிடமிருந்து எட்கார் அவளை மீட்கிறான். சிறையிலே கொலைஞரை லியர் தானே எதிர்த்து நிற்க, எட்காரும் அல்பனிக் கோமகனும் தக்க தருணத்தில் வந்து காக்கின்றனர். காதலர் மணந்து அரசாள, லியரும் குளோஸ்ரரும் கென்ற்றும் அமைதியை நாடி ஒதுங்குகின்றனர். மூல நாடகம் கோக்கப்படாத, பட்டை தீட்டப்படாத மணிக்குவியலாகத் தமக்குத் தோன்றியதென்றும், அதற்கு ஒழுங்கும் நம்பத்தகு தன்மையும் அளிக்கவே இக்காதலைப் புகுத்தினாரென்றும் ரேற்றின் முன்னுரையால் அறிகின்றோம்.

பிற்காலத்து விமரிசகர் பலர் ரேற்றை எள்ளி நகையாடுவதோடு அமைந்தனர். அது நேரிதன்று. லியரின் பழங்கதையை நோக்குமிடத்து, முடிவை முதலில் மாற்றியவர் சேக்ஸ்பியரே என்பது புலனாகும். மொன்மத் ஊர் ஜெப்ரியின் வரலாற்றிலும், 1605இல் அச்சேறிய ஆசிரியர் பெயரறியாப் பழைய லியர் நாடகத்திலும் முதிய அரசன் தன் அரசை மீண்டும் பெறுகிறான். ஜெப்ரி கூறும் கோர்டீலியாவின் தற்கொலை, தந்தை இறந்து ஆண்டுகள் சில கழிந்த பின்னர் நிகழ்வது. மேலும், 1642இல் மூடப்பட்டு 1660இல் மீண்டும் திறந்த அரங்குகளின் சுவைஞர் பழைய சுவைஞரல்லர். பெண்பாத்திரங்களைப் பெண்களே நடிக்கத் தொடங்கியமையால் காதற்காட்சிகள் புதுமதிப்புப் பெற்றன. அரசனும் கோமாளியும் ஒரே மேடையில் ஒருங்கு நின்று பேசுதல் துன்பியலின் மாண்புக்கு இழுக்கெனக் கற்றோர் கருதினர். நல்லோர் நன்மையும் தீயோர் தீமையும் எய்துமாறு கதையை முடித்தல் கவிஞன் கடனென்னும் கொள்கையைத் தோமஸ் றைமர் 1678இல் வற்புறுத்தியிருந்தார். இவற்றையெல்லாம் நோக்கின், ரேற் தம் காலத்தார் விழைந்ததையே அளித்தார் என்பது விளங்கும்.

எதிர்ப்புக் குரல் எழாமலில்லை. 1711இல் அடிசன், இம்மாற்றத்தால் நாடகம் தன் அழகிற் பாதியை இழந்தது என்ற கருத்துப்பட எழுதினார். ஆனால், 1765இல் சேக்ஸ்பியர் நாடகங்களைப் பதிப்பித்த ஜோன்சன், பொதுமக்கள் தீர்ப்பு ரேற்றின் பக்கமே எனக் கூறித் தம் அனுபவத்தையும் அதற்குச் சான்றாக்கினார். இளமையிற் கோர்டீலியாவின் மரணத்தைப் படித்து அதிர்ந்த அவர், பதிப்பாசிரியராகத் திருத்த நேர்ந்த காலம்வரை அவ்விறுதிக் காட்சிகளை மீண்டும் படிக்கத் துணிந்தாரோ என்பது அவருக்கே ஐயமாயிருந்தது. இதனை மென்மனத்தின் குற்றமெனக் கொள்வாருமுளர். எம் கருத்தில், அக்காட்சியின் ஆற்றலை அக்காலத்தில் முழுதும் உணர்ந்தவர் அவரே. தாங்கமாட்டாதவன் விலகிச் செல்வது, உணராதவன் இருந்து பாராட்டுவதினும் மேலானதன்றோ?

இனி, மேடையில் நிகழ்ந்ததை நோக்குவாம். டேவிட் காரிக் முதன்முறை லியராகத் தோன்றியது 1742 மார்ச்சில். அப்பொழுது அவருக்கு வயது 25. குவின் முதலிய மூத்த நடிகர் ஓசை நயம்பட நீட்டி முழக்கிய காலத்தில், காரிக் பேச்சின் இயல்பான ஏற்ற இறக்கங்களையும், நொடிக்கு நொடி மாறும் முகக்குறிப்பையும் கையாண்டார். உருவத்திற் சிறியவர், எனினும், எண்பது வயதைக் கடந்த அரசனாக முழந்தாளிட்டுக் கொனரிலைச் சபிக்கும் காட்சியில் அவையோரை நடுங்கவைத்தார் என்பர். அக்கால அரங்கில் அவையோர் இருளில் அமர்ந்தாரல்லர். மெழுகுவர்த்தி விளக்குகள் மேடைக்கும் அவைக்கும் ஒருங்கே ஒளி வீசின. ஒருவர் அழுவதை மற்றவர் காணலாம். மேடையின்மீதே பார்வையாளர் சிலர் அமரும் வழக்கமும் இருந்தது. அதனை 1760களின் தொடக்கத்தில் ட்ரூறி லேன் அரங்கினின்றும் ஒழித்தவர் காரிக்கே. இத்தகைய அரங்கில் இரக்கம் தனிமனிதனின் அந்தரங்க உணர்ச்சியாக நில்லாது, ஊர் கூடி வெளிப்படுத்தும் உணர்ச்சியாயிற்று. 1776இல் மேடையை விட்டு விலகிய ஆண்டிலும் காரிக் லியராக நடித்தார்.

இங்கே ஒன்றைக் கூர்ந்து நோக்கல் வேண்டும். காரிக் புகழ்பெற்ற காட்சிகள் எவை? கொனரிலைச் சபித்தல், புயற்காட்சி, துயிலெழுந்து மகளை இனங்காணுதல் ஆகியன. இவை பெரும்பாலும் சேக்ஸ்பியரின் சொற்களையே கொண்டவை. ரேற்றின் கை இவற்றில் மிகுதியாகப் படவில்லை. ஆகவே, அவையோர் சிந்திய கண்ணீரைக் கொண்டு ரேற்றின் திருத்தத்துக்கு நியாயம் காட்டுதல் பொருந்தாது.

அப்படியாயின், ரேற்றின் குறைதான் யாது? மகிழ்ச்சியான முடிவே எனப் பலரும் கூறுவர். எமக்கு அஃது உடன்பாடன்று. குறை முதற்காட்சியிலேயே தொடங்கிவிடுகின்றது. மூல நாடகத்தில், தந்தையின்மேல் எவ்வளவு அன்புண்டு எனக் கேட்கப்பட்ட கோர்டீலியா, கூற ஒன்றுமில்லை என்கிறாள். அன்பை அளந்து கூறி நிலத்தை விலையாகப் பெற அவள் நா எழவில்லை. அம்மறுப்பிற்கு வேறு காரணம் இல்லை. இல்லாமையே அதன் பெருமை. ரேற்றின் கோர்டீலியாவோ பேர்கண்டிக் கோமகனுக்கு மனைவியாவதைத் தவிர்க்க விரும்புகிறாள். எட்காரை மணக்க எண்ணித் தந்தையின் சினத்தை வேண்டுமென்றே வருவித்துக்கொள்கிறாள். லியரும் அவள் காதலை ஐயுற்றே வெகுளுகிறான். வாய்மையாயிருந்தது சூழ்ச்சியாகின்றது, விளங்காத வெகுளியும் விளங்கும் வெகுளியாகின்றது. எட்கார் பித்தன் வேடம் புனைவதும் இவ்வாறே. தன் உயிரைக் காக்க மேற்கொண்ட இழிந்த உபாயமாக அது தோன்றலாகாதெனக் கருதி, காதலிக்கு உதவும் பெருநோக்கை ரேற் அதற்குக் காரணமாக்கினார். அனைத்துக்கும் காரணம் காட்டியமையே அவர் குறை. காரணங்களால் இயங்கும் உலகில் கோர்டீலியா இறப்பதற்கு இடமில்லை. அவ்வுலகில் அம்மரணம் வெறும் விபத்தாகவே முடியும். முதலைத் திருத்தியவர் முடிவையும் திருத்தியே ஆகவேண்டியிருந்தது. குளோஸ்ரரின் கண்களைப் பறிக்கும் கொடுமையை ரேற் நீக்கவில்லை என்பதும் கருதற்பாலது. கொடுமை அவருக்கு அச்சமூட்டவில்லை. காரணமற்ற கொடுமையே அச்சமூட்டியது.

கோமாளியை நீக்கியதும் இதனோடு தொடர்புடையதே. லியரின் மடமையை லியருக்கே எடுத்துரைப்பவன் அவன். அவனின்றேல், லியர் தீய மக்களால் வருந்தும் நல்ல தந்தை என்ற அளவிற் சுருங்குவான். அத்தகைய தந்தைக்கு அரசை மீட்டுக் கொடுத்தல் அறமாகவே தோன்றும்.

பின்னர் நிகழ்ந்த திருத்தங்கள் இதற்குச் சான்று பகரும். 1756இல் காரிக் சேக்ஸ்பியரின் அடிகள் பலவற்றை மீட்டார். காதலையும் முடிவையும் தொடவில்லை. 1768இல் கோல்மன் காதலை நீக்கி, மகிழ்ச்சியான முடிவை வைத்துக்கொண்டார், அது நிலைபெறவில்லை. மூன்றாம் ஜோர்ஜ் மன்னர் பித்துற்றிருந்த காரணத்தால், ஏறத்தாழ 1810 முதல் அவர் இறந்த 1820 வரை லியர் மேடையேறவேயில்லை. அவ்விடைக்காலத்தில், 1811இல், சார்ள்ஸ் லாம் ரேற்றைக் கடிந்ததோடமையாது, லியரை எந்த மேடையிலும் நடித்துக்காட்ட இயலாதென்றே வாதித்தார். படிப்பறையில் இருப்போர்க்கு இஃது இனிய வாதமே, நடிகனுக்கு ஆகாது. 1823இல் எட்மண்ட் கீன் துன்பமுடிவை ட்ரூறி லேனில் மீட்டார். ஆனால் எட்கார்-கோர்டீலியா காதலை நீக்கினாரில்லை. காதலியாய் வந்தவள் பிணமாய்க் கிடந்தாள். அவையோர் அதனை ஏற்றிலர். சில நாட்களிற் பழைய முடிவே திரும்பியது. முடிவை மட்டும் மாற்றினாற் போதாதென்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டா.

1838 ஜனவரியில் கொவென்ற் கார்டன் அரங்கில் மக்ரீடியே ரேற்றை முற்றாக விலக்கினார். அவரும் கோமாளியைச் சேர்க்க முதலில் தயங்கினார். மேடைக்கு ஒவ்வாதென அஞ்சினார். மெலிந்து நலிந்த அழகிய முகமுடைய சிறுவனாக அப்பாத்திரத்தை அவர் விவரிக்கக் கேட்ட சக நடிகர் ஒருவர், அதனைப் பெண்ணொருத்தி நடிக்கலாமே என்றார். பிரிசில்லா ஹோர்ட்டன் என்னும் நடிகை அவ்வேடம் பூண்டார். 157 ஆண்டுகளின் பின் கோமாளி புயலில் லியரின் பக்கத்தே நின்றான். கோர்டீலியாவும் தன் தந்தையின் கைகளிற் கிடந்தாள்.