அமாண்டா ஏன் அவ்வளவு அழகி?

மெரிடித் ரூசோவின் ‘இஃப் ஐ வாஸ் யுவர் கேர்ள்’ 2016 மே மாதம் அமெரிக்காவில் வெளிவந்தது. பதின்பருவத்தினருக்காக எழுதப்பட்ட காதல் நாவல். கதாநாயகி அமாண்டா ஹார்டி திருநங்கை, எழுதியவரும் திருநங்கை, அட்டைப்படத்தில் நம்மைப் பார்க்கும் இளம்பெண்ணும் திருநங்கைதான். பெரிய பதிப்பகம் வெளியிட்ட ஒரு பதின்பருவ நாவலில் இந்த மூன்றும் ஒன்றுசேர்வது அன்றைக்கு மிக அரிது. 2017இல் அமெரிக்க நூலகச் சங்கத்தின் ஸ்டோன்வால் விருதும் அதற்குக் கிடைத்தது. ஆனால் வாசகர்கள் ஒருமித்து வரவேற்கவில்லை. படித்துவிட்டு அழுதேன், முதல் தடவையாக என்னைப் போன்ற ஒருத்திக்குக் காதல் கிடைத்துப் பார்க்கிறேன் என்றவர்கள் ஒருபக்கம். இந்தப் பெண் நானில்லை, என்னைப் போன்ற யாரும் இல்லை என்று புத்தகத்தை மூடியவர்கள் இன்னொருபக்கம். இரு சாராரும் சுட்டிக்காட்டியது ஒரே விஷயத்தைத்தான்: அமாண்டா பேரழகி.

கதை இதுதான். ஜார்ஜியா மாநிலத்தில் அம்மாவோடு வாழ்ந்த அமாண்டா, ஒரு வணிக வளாகத்தின் பெண்கள் கழிப்பறையில் தாக்கப்படுகிறாள். அதற்குமுன் ஒருமுறை தற்கொலைக்கும் முயன்றவள். பாலின மாற்றச் சிகிச்சை எல்லாம் முடிந்து, பள்ளி இறுதியாண்டை யாருக்கும் தன்னைத் தெரியாத ஊரில் முடிக்கலாம் என்று டென்னசியின் லாம்பர்ட்வில் என்ற சிற்றூரிலிருக்கும் அப்பாவிடம் வந்து சேர்கிறாள். அங்கே தோழிகள் கிடைக்கிறார்கள். கிராண்ட் எவரெட் என்ற கால்பந்து வீரன் அவள்மேல் பிரியமாகிறான். அவனுக்கு உண்மையைச் சொல்வதா வேண்டாமா என்ற தவிப்பில் நாவல் நகர்கிறது. நாவல் வெளிவருவதற்குச் சில வாரங்கள் முன்புதான் வட கரோலினா மாநிலம், அரசுக் கட்டடங்களில் பிறப்புச் சான்றிதழில் உள்ள பாலினப்படிதான் கழிப்பறையைப் பயன்படுத்த வேண்டும் என்று சட்டம் இயற்றியிருந்தது. அந்த வாரங்களில் புத்தகத்தைக் கையிலெடுத்தவர்களுக்குக் கழிப்பறைக் காட்சி வெறும் புனைவாக இருந்திருக்க முடியாது.

அதுவரை இந்த வகையில் என்ன இருந்தது என்று பார்த்தால்தான் வாசகர்களின் பூரிப்பு புரியும். 2004இல் ஜூலி ஆன் பீட்டர்ஸ் எழுதிய ‘லூனா’ தேசியப் புத்தக விருதின் இறுதிப் பட்டியல்வரை போன நாவல். ஆனால் லூனாவின் கதையைச் சொல்பவள் அவளுடைய தங்கை. 2009இல் பிரையன் காட்சர் எழுதிய ‘ஆல்மோஸ்ட் பெர்ஃபெக்ட்’ நாவலும் ஸ்டோன்வால் விருது பெற்றது. அதில் சேஜ் என்ற திருநங்கையை அவளைக் காதலிக்கும் லோகன் என்ற பையனின் கண்வழியாகத்தான் பார்க்கிறோம். உண்மை தெரிந்ததும் அவனுக்கு வரும் அருவருப்பு, கோபம், பிறகு மெல்ல மெல்ல வரும் பரிவு எல்லாமே அவனுடைய பயணம். சேஜோ அடிபட்டு மருத்துவமனைக்குப் போகிறாள். பெண்ணாக வாழ்வதையே விட்டுவிடத் துணிகிறாள். காட்சரின் நல்லெண்ணத்தில் எனக்குச் சந்தேகமில்லை. ஒரு சராசரிச் சிற்றூர்ப் பையனின் மனம் எப்படிப் புரளும் என்பதை அவர் நேர்மையாகவே எழுதியிருக்கிறார். ஆனால் பதினாறு வயதுத் திருநங்கை ஒருத்தி அந்தப் புத்தகத்தை நூலகத்திலிருந்து எடுத்துப்போய் இரவோடிரவாகப் படித்தால் அவளுக்கு மிஞ்சுவது என்ன? உன்னை ஒருவன் நேசிப்பதாக இருந்தால் முதலில் உன்னைக் கண்டு குமட்டல் வந்து, அதை அவன் தாண்டி வரவேண்டும் என்ற செய்திதான்.

இந்தப் பின்னணியில் அமாண்டா ‘நான்’ என்று பேசத் தொடங்கியதே பெரிய காரியம். அவள் ஏரிக்கரைக்குப் போகிறாள், தோழிகளோடு சிரிக்கிறாள், ஒருவனுடைய கைபட்டுச் சிலிர்க்கிறாள், ஞாயிற்றுக்கிழமை தேவாலயத்துக்குப் போகிறாள். மற்ற பெண்பிள்ளைகளுக்கு ஆயிரம் நாவல்கள் தாராளமாகக் கொடுத்துவிட்ட சாதாரணச் சந்தோஷங்கள் இவை. அவற்றை ஒரு திருநங்கைக்குக் கொடுத்ததுதான் ரூசோவின் முதல் சாதனை. இலக்கியத் தரம் பேசுகிறவர்கள் இதை அற்பமாக நினைக்கக் கூடாது. காதல் கதை என்ற வடிவத்தின் வேலையே, படிக்கிறவரை நேசிக்கப்படத் தக்கவராக உணரவைப்பதுதான்.

இனி, குறைபட்டவர்கள் பக்கம். அமாண்டாவைப் பார்த்தால் யாருக்கும் எந்தச் சந்தேகமும் வராது. குரல், உயரம், முகம் எதுவும் அவளைக் காட்டிக்கொடுப்பதில்லை. பள்ளி முடிப்பதற்குள் அறுவைசிகிச்சையும் முடிந்துவிட்டது. அவளுடைய ஆசை ஆண்கள்மேல் மட்டும். விருப்பங்களும் உடுப்பும் ‘பெண்ணுக்குரியவை’ என்று ஊர் ஒப்புக்கொள்பவை. வெள்ளைக்காரப் பெண் வேறு. சிகிச்சைக்குப் பணம் எங்கிருந்து வந்தது, காப்பீடு ஒத்துக்கொண்டதா, எத்தனை மருத்துவர்கள் கைவிரித்தார்கள் என்ற கேள்விகள் எல்லாம் ஓரமாகப் போய்விடுகின்றன. அக்காலத்து மருத்துவ வழிகாட்டு நெறிகள், பிறப்புறுப்பு அறுவைசிகிச்சைக்குச் சட்டப்படி மேஜராகும் வயதுவரை காத்திருக்கச் சொன்னவை. கறுப்பினத் திருநங்கையரோ, பணமில்லாதவர்களோ, குரல் இன்னும் கனத்திருப்பவர்களோ இந்த நாவலில் தங்களைத் தேடினால் கிடைக்கமாட்டார்கள். சரியாக அடையாளம் மறைந்தால்தான் காதல் வரும் என்று நாவலே சொல்வதாக அவர்கள் எடுத்துக்கொண்டதில் தப்பில்லை.

ரூசோ இதை அறியாமல் செய்யவில்லை. நாவலின் முடிவில் அவர் ஒரு குறிப்பு எழுதியிருக்கிறார். அது இரண்டு பகுதியாக இருக்கிறது: ஒன்று திருநர் அல்லாத வாசகர்களுக்கு, இன்னொன்று திருநர் வாசகர்களுக்கு. முதல் பகுதியில், வேண்டுமென்றேதான் அமாண்டாவின் பாதையைச் சமன்படுத்தினேன், உங்களுக்கு அவளை ஒரு பெண்ணாக ஏற்பதில் எந்தத் தடையும் வரக் கூடாது என்பதற்காக எதார்த்தத்தைக் கொஞ்சம் வளைத்தேன், இவளை அளவுகோலாக்கி மற்றவர்களை அளக்காதீர்கள் என்ற பொருள்பட எழுதுகிறார். இரண்டாவது பகுதியில், உங்கள் வாழ்க்கை அமாண்டாவுடையதைப் போல இல்லாவிட்டாலும் பரவாயில்லை, அதனால் நீங்கள் குறைந்தவர்களாகிவிட மாட்டீர்கள் என்று தேற்றுகிறார்.

இந்தக் குறிப்பு பலரைச் சமாதானப்படுத்தியது. என்னை ஓரளவுக்குத்தான். எழுத்தாளர் தன் சமரசத்தை ஒளிக்காமல் சொல்வது துணிச்சல், அதற்குத் தலைவணங்குகிறேன். ஆனால் குறிப்பு நாவலுக்கு வெளியே இருக்கிறது. முந்நூறு பக்கம் அமாண்டாவோடு வாழ்ந்த வாசகரின் மனத்தில் பதிவது அமாண்டாவின் முகம். கடைசி இரண்டு பக்க விளக்கம் அந்த முகத்தை அழித்துவிடாது. மேலும், அந்தக் குறிப்பு தன்னையறியாமல் ஒன்றை ஒப்புக்கொள்கிறது: இந்தக் கதை யாருடைய வசதிக்காக வடிவமைக்கப்பட்டதோ அவர்கள் ஒரு சாரார், அதற்காகப் பொறுத்துக்கொள்ளும்படி கேட்கப்படுபவர்கள் இன்னொரு சாரார். பொறுக்கச் சொல்லப்பட்டவர்கள் திருநர் பிள்ளைகள்.

இருந்தாலும், அழகைப் பற்றிய புகாரை நான் இந்த நாவலின் முதன்மையான குற்றமாக எடுத்துக்கொள்ளமாட்டேன். காதல் நாவல்களில் கதாநாயகிகள் காலங்காலமாக அழகிகள்தான். மற்றவர்களுக்கு விட்டுக்கொடுத்த கற்பனையைத் திருநங்கைக்கு மட்டும் மறுத்து, நீ மட்டும் எதார்த்தமாக இரு, உன் துயரத்தை மட்டும் எழுது என்று கேட்பது நியாயமாகாது. அப்படிக் கேட்பவர்களில் பாதிப்பேர் காட்சரின் சேஜைப் படித்து உருகியவர்கள்தான் என்று எனக்குத் தோன்றுகிறது.

நாவலின் உண்மையான பலவீனம் அதன் கதைப்பொறியில் இருக்கிறது. அமாண்டாவை எழுதியது திருநங்கை. ஆனால் கதையை ஓட்டும் இயந்திரம் பழைய கதைகளிலிருந்து அப்படியே வந்தது. ஒரு ரகசியம், அது எப்போது உடையும் என்ற பதற்றம், பலர்முன் உடையும் கணம், பின்னால் துரத்திவரும் வன்முறை. பள்ளியின் ஹோம்கமிங் நடன இரவில், அமாண்டா மேடையில் நிற்கும்போது, பீ என்ற தோழி குடிபோதையில் ஒலிபெருக்கியைப் பிடித்து அவள் ரகசியத்தை ஊரறியப் போட்டு உடைக்கிறாள். வெளியே தனியாக நடந்துபோகும் அமாண்டாவை கிராண்டின் கூட்டாளி பார்க்கர் பின்தொடர்ந்து தாக்குகிறான். தோழிகள் வந்து காப்பாற்றுகிறார்கள். பக்கத்தைப் புரட்டவைக்கும் திறமை இதில் இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் திருநங்கை என்பதே கதையின் வெடிகுண்டு என்றாகும்போது, அமாண்டாவின் உடல் மறுபடியும் மற்றவர்கள் கண்டுபிடித்து அதிரும் பொருளாகிவிடுகிறது. அவளை அந்த நிலையிலிருந்து மீட்கத்தானே ‘நான்’ என்று பேசவைத்தார்?

பீயைக் கையாண்ட விதம் இன்னும் வருத்தம். ஓவிய வகுப்பில் அமாண்டாவோடு நெருங்கி, ரகசியத்துக்கு ரகசியம் மாற்றிக்கொள்ளும் பெண் அவள். ஆண் பெண் இருபாலர்மேலும் ஈர்ப்புள்ளவள். அந்த ஊரில் தானும் ஒளிந்து வாழ்பவள். அமாண்டாவை ஒளிவுமறைவில்லாமல் அறிந்த ஒரே வயதொத்த துணை. நாவலிலேயே உயிர்த்துடிப்பான நட்பு அது. அவளைத் துரோகியாக்கியதில் நாவல் தன்னிடமிருந்த மிகச் சிறந்த உறவைத் திருப்பத்துக்காகச் செலவழித்துவிட்டது. இருபாலீர்ப்புள்ளவர்களை நம்பக் கூடாது என்ற பழைய அவதூறுக்கு இது துணைபோவதாகப் பல வாசகர்கள் சொன்னது சரியான கண்டனம். நினைவுக் காட்சிகளில் அமாண்டாவின் பழைய பெயரை அச்சிட்டதும் சிலரைப் புண்படுத்தியது. அதை நான் அவ்வளவு கடுமையாகப் பார்க்கவில்லை. அந்தப் பெயரால் அவள் பட்ட பாட்டைக் காட்டும் அத்தியாயங்கள் அவை. ஆனால் அந்தப் பெயர் இல்லாமலே அவற்றை எழுதியிருக்க முடியும்.

ரகசியம் உடையும் அந்தப் பழைய இயந்திரம் இல்லாமலும் எழுத முடியும் என்பதற்கு 2020இல் ஏய்டன் தாமஸ் எழுதிய ‘செமட்டரி பாய்ஸ்’ சான்று. கிழக்கு லாஸ் ஏஞ்சலிஸில் ஆவிகளை வழியனுப்பும் லத்தீன் அமெரிக்க வம்சாவளிக் குடும்பமொன்றில் வளரும் யாத்ரியேல் ஒரு திருநம்பி. அவன் யார் என்பது குடும்பத்துக்கு முன்பே தெரியும். தெரிந்தும், ஆண்களுக்குரிய சடங்கை அவனுக்குச் செய்துவைக்கத் தயங்குகிறார்கள். அவன் தானே சடங்கை நடத்துகிறான். தெய்வம் அவனை ஏற்றுக்கொள்கிறது. பிறகு அவன் எழுப்பிவிடும் ஆவி ஜூலியன் என்ற பையனுடையது, அவனோடுதான் காதல். அங்கே ரகசியம் எதுவும் உடைய வேண்டியதில்லை. ஏற்பு ஏன் பாதியில் நிற்கிறது, உறவினர்கள் அன்போடும் எப்படிக் காயப்படுத்துகிறார்கள் என்பதே கதையின் சிக்கல். அந்த நாவலும் தேசியப் புத்தக விருதின் நீள்பட்டியலில் இடம்பெற்றது. விற்பனையிலும் முன்வரிசையில் நின்றது. வெளியாருக்காகக் கதையை மட்டுப்படுத்தாமலே அவர்களை உள்ளே அழைக்கலாம் என்பதற்கு இதைவிட வேறென்ன வேண்டும்?

ஆனால் நான்காண்டு இடைவெளியை மறந்து ரூசோவைக் குறைசொல்வது எளிது. கதவைத் திறக்க முதலில் தோள்கொடுத்தவருக்குத்தான் அடி விழும். தமிழ் வாசகர்களுக்கு இந்த வரிசை புதிதல்ல. 1994இல் சு. சமுத்திரம் திருநங்கையரைப் பற்றி ‘வாடாமல்லி’ நாவல் எழுதியபோது, வெளியிலிருந்து பார்க்கும் கண்ணோடுதான் எழுதினார். ஆனாலும் அவர் எழுதியது பெரிய விஷயம். 2007இல் லிவிங் ஸ்மைல் வித்யாவின் ‘நான் வித்யா’வும், பிறகு ரேவதியின் ‘வெள்ளை மொழி’யும் வந்தபின் சமுத்திரத்தின் நாவலை நாம் வேறுவிதமாகப் படிக்கிறோம். அவர்களுடைய தன்வரலாறுகளில் வலி இருக்கிறது, போராட்டம் இருக்கிறது, காதலும் இருக்கிறது. ஆனால் அவை சாட்சியம் சொல்லும் கடமையோடு எழுதப்பட்டவை. ரூசோ தேர்ந்தெடுத்தது சாட்சியத்தை அல்ல, கனவை. கனவைச் சாட்சியமாக நிறுத்துப் பார்த்ததில்தான் அவர்மேல் விழுந்த கண்டனங்களில் பாதி பிறந்தது.

இன்றைக்கு அந்த நாவலைப் படித்தால் எளிமை என்ற குற்றச்சாட்டே வேறு நிறம் காட்டுகிறது. அமாண்டா சிகிச்சை பெற்ற ஜார்ஜியா, 18 வயதுக்குட்பட்டோருக்கு ஹார்மோன் சிகிச்சையும் அறுவைசிகிச்சையும் கூடாதென்று 2023இல் சட்டம் போட்டது. அவள் பள்ளி முடித்த டென்னசியும் அதே ஆண்டு தடைவிதித்தது. அந்தத் தடை செல்லும் என்று 2025 ஜூனில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஆறுக்கு மூன்று என்ற கணக்கில் தீர்ப்பளித்தது. 2016இல் மிகைக் கற்பனை என்று சலித்துக்கொள்ளப்பட்ட பாதை இப்போது அந்த மாநிலங்களில் சட்டப்படி மூடப்பட்ட பாதை. ரூசோ டென்னசியிலேயே பிறந்து வளர்ந்தவர் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். தன் ஊர்ப் பிள்ளைகளுக்கு அவர் எழுதிக் கொடுத்த ஆசை அது.

நாவலில் என்னை விடாமல் பிடித்திருப்பவர் கிராண்ட் அல்ல, அப்பா. மகனாகப் பிரிந்த பிள்ளையைப் பல ஆண்டு கழித்து மகளாக எதிர்கொள்கிறார். என்ன பேசுவதென்று தெரியவில்லை. வெட்கமும் இருக்கிறது, அவளுக்கு ஏதாவது ஆகிவிடுமோ என்ற பயமும் இருக்கிறது. எது எங்கே முடிகிறது என்று அவருக்கே தெரியாது. கட்டுப்பாடு போடுகிறார், பையன்களைப் பற்றி எச்சரிக்கிறார், பாதுகாப்பு என்ற பெயரில் அவளை ஒதுக்கியும் வைக்கிறார். இங்கே ரூசோ எதையும் சமன்படுத்தவில்லை. அவரை எந்தக் காட்சியிலும் சட்டென்று திருந்தவைக்கவில்லை. ஒரு படி ஏறி, அரைப்படி சறுக்கி, மறுபடி ஏறவைக்கிறார். காதல் பக்கங்களில் இல்லாத கரடுமுரடு இந்தப் பக்கங்களில் இருக்கிறது.

அதனால் என்னிடம் திருநர் பிள்ளை ஒருவர் வாசிக்கக் கேட்டால் முதலில் ‘செமட்டரி பாய்ஸ்’தான் கொடுப்பேன். ரூசோவின் நாவலை அந்தப் பிள்ளையின் அப்பாவிடம் கொடுப்பேன், அம்மாவிடமும்.