சட்டம், சிலுவை, ரொட்டி

திரைப்படம் பொழுதைப் போக்கவா, பொய்மையைப் போக்கவா? பொய்மையைப் போக்கவே என்பது நம் கட்சி. ஆயினும், நீதியை வாய்விட்டு முழங்காத படம் அப்பணியைச் செய்யுமா என்னும் ஐயம் தோழர் பலருக்கு உண்டு. ருமேனிய இயக்குநர் கிறிஸ்தியான் முங்கியுவின் படங்களை அந்த ஐயத்தோடே அணுகுவோம்.

1968-இல் யாஷ் நகரில் பிறந்த அவர், ஆங்கில இலக்கியம் பயின்று, ஆசிரியராகவும் செய்தியாளராகவும் பணியாற்றிய பின்னரே புகாரெஸ்டில் திரைக்கலை கற்றார். அவர் பிறப்பதற்கு ஈராண்டு முன்பு, 1966-இல், சௌசெஸ்கு ஆட்சி கருக்கலைப்பைத் தடை செய்தது. மக்கள்தொகையைப் பெருக்குவதே நோக்கம். பெண்ணின் கருப்பை அரசின் உடைமையாயிற்று! பின்னாளில் பணியிடங்களிலேயே கருச்சோதனை நடந்தது. 1989-இல் அவ்வாட்சி வீழும்வரை, கள்ளக் கருக்கலைப்பால் மாண்ட பெண்கள் ஏறத்தாழ 10,000 பேர் என மதிப்பிடுவர்.

அக்கொடுமையே ‘4 மாதம், 3 வாரம், 2 நாள்’ படத்தின் கரு. ஆண்டு 1987. கருவுற்ற மாணவி ஒருத்தி. அவளுக்குத் துணைநிற்கும் தோழி ஒருத்தி. இருவரின் இக்கட்டை முதலாக்கி, அவர்கள் உடலையே கூலியாகக் கேட்கும் கயவன் ஒருவன். கதை ஒரே நாளில் முடிகிறது. 2007-இல் கான் விழாவின் தங்கப் பனை விருது இப்படத்துக்குக் கிடைத்தது. திரையரங்குகள் அருகிப்போன தம் நாட்டில், ஊர் ஊராகப் படத்தை எடுத்துச் சென்று மக்களுக்குக் காட்டினார் முங்கியு.

பகுத்தறிவாளர் இங்கு ஒன்றை எண்ண வேண்டும். அச்சட்டத்தை இயற்றியவர் மடாதிபதியல்லர். கடவுளை மறுத்த கட்சியின் தலைவர்! கடவுளை மறுத்தால் மட்டும் போதாது. மனிதனை, மனுஷியை மதிக்கவும் வேண்டும்.

மதத்தையும் அவர் விட்டுவைத்தாரில்லை. 2005-இல் தனாகு என்னும் சிற்றூர் மடத்தில், பேயோட்டுவதாகக் கூறி இளம்பெண் ஒருத்தியைக் கட்டிவைத்தனர், அவள் மாண்டாள். அதைத் தழுவியதே 2012-இல் வந்த ‘மலைகளுக்கு அப்பால்’. அப்படத்தின் பாதிரியார் கொடியவரல்லர், கருணையோடுதான் கொல்கிறார். நோயுற்றவளை மருத்துவமனையும் மடத்துக்கே திருப்பி அனுப்புகிறது. வளர்த்த இல்லமும் கைவிட்ட பெண்ணுக்குப் போக்கிடம் ஏது? அறிவும் ஆதரவும் கைவிட்ட இடத்தில்தான் ஆண்டவன் பெயரால் கயிறு கட்டப்படுகிறது.

2022-இல் வந்த ‘ஆர்.எம்.என்.’ படத்தில், திரான்சில்வேனியச் சிற்றூரின் ரொட்டிச்சாலைக்கு இலங்கைத் தொழிலாளர் வருகின்றனர். “அவர்கள் கைபட்ட ரொட்டி வேண்டா” எனக் கொதிக்கிறது ஊர். 2020-இல் தித்ராவு என்னும் ஊரில் நிகழ்ந்ததை ஒட்டிய கதை இது. ஊர்க்கூட்டக் காட்சியை, கேமராவை அசைக்காமல், நெடுநேரம் ஒரே வீச்சில் காட்டுகிறார். அயல்நாடுகளில் கூலிவேலை செய்து பிழைக்கும் மக்களே, தம் ஊருக்குப் பிழைக்க வந்தவனை விரட்டுகின்றனர். தீட்டு என்னும் சொல் அங்கில்லை, தீட்டு இருக்கிறது!

குறை இல்லையா? உண்டு. இத்துணைத் தெளிவாகப் பேசிய படத்தின் முடிவில், இருளில் கரடிகளைக் காட்டிப் புதிர் போடுகிறார். அது நமக்கு உடன்பாடன்று. புண்ணைத் திறந்து காட்டியவர், மருந்தைப் பற்றி மௌனம் சாதிப்பதேன் என்று கேட்கும் உரிமை நமக்குண்டு.

எனினும், அந்த மௌனம் ஒரு வேலை செய்கிறது. வில்லன் ஒருவனைக் காட்டியிருந்தால் அவனை வெறுத்துவிட்டு நிம்மதியாக வீடு திரும்பியிருப்போம். முங்கியு காட்டுவதோ கூட்டம். நல்லவர்கள் நிறைந்த கூட்டம். அதில் நம் குரலும் கேட்கிறதா எனக் காது கொடுப்போம். கேட்டால், மருந்து தேடும் பொறுப்பு நம்முடையது.