எம். ஆர். ராதா: குரலும் கொள்கையும்

கலைஞன் ஒருவனை வழிபடுவது எளிது. மறந்துவிடுவது அதனினும் எளிது. அவனை ஆராய்ந்து, கொள்ள வேண்டியதைக் கொண்டு, தள்ள வேண்டியதைத் தள்ளுவதே அரிது. நடிகவேள் எம். ஆர். ராதாவை நம்மவர்கள் வழிபட்டிருக்கிறார்கள். ஆனால் ஆராய்ந்திருக்கிறார்களா என்பதே நமது கேள்வி.

பதுளையிலும் பசறையிலும் ஹாலி எலையிலும் பண்டாரவளையிலும் பள்ளிக் கலைவிழாக்களைப் பார்ப்பவர்கள் ஒன்றை அறிவார்கள். மாணவன் ஒருவன் கிழிந்த போர்வையைப் போர்த்திக்கொண்டு, கையை மடக்கி, குரலைக் கரகரப்பாக்கி மேடைக்கு வருவான். 'ரத்தக்கண்ணீர்' மோகன் வந்துவிட்டான் என்று அவை அதிரும். படம் வெளிவந்தது 1954இல். எழுபது ஆண்டுகள் கடந்தும், லயத்தில் பிறந்த பிள்ளையின் தொண்டையில் அந்தக் குரல் வாழ்கிறது. திருவிழா ஒலிபெருக்கிகளின் வழியே, வசனத் தட்டுகளின் வழியே, பாட்டனிடமிருந்து பேரனுக்கு வந்து சேர்ந்த சொத்து அது. தேயிலை மலையில் கைமாறிய சொத்துக்கள் மிகச் சிலவே. ஆகவே இது எத்தகைய சொத்து என்று கணக்குப் பார்ப்பது ஆசிரியர்களாகிய நமக்குக் கடமையாகிறது.

1907இல் சென்னையில் பிறந்த ராதா, சிறுவனாக இருக்கும்போதே வீட்டை விட்டு வெளியேறி நாடகக் கம்பெனியில் சேர்ந்தவர். பாய்ஸ் கம்பெனிகளின் கடுமையான பயிற்சியே அவருக்குப் பள்ளிக்கூடம், கல்லூரி எல்லாம். 1937இல் 'ராஜசேகரன்' படத்தின் மூலம் திரைக்கு வந்தார். சில படங்களுக்குப் பின் மீண்டும் மேடைக்கே திரும்பினார். பெரியாரின் சுயமரியாதைக் கொள்கையைத் தமது கொள்கையாக ஏற்று, சாதியையும் சடங்கையும் புராணத்தையும் மேடையில் நிறுத்தி விசாரித்தார். திருவாரூர் கே. தங்கராசு எழுதிய 'ரத்தக்கண்ணீர்' நாடகம் அவருடைய பெயரோடு ஒட்டிக்கொண்டது. அது கிருஷ்ணன் – பஞ்சு இயக்கத்தில் படமானபோது அவர் ஏறத்தாழ நாற்பத்தேழு வயதினர். திரையின் அரசர்கள் இளமையோடு வருவது வழக்கம். இவரோ மேடையில் முற்றி விளைந்த பின்னர் வந்தார்.

அவருடைய குரலின் இரகசியம் யாது? ஒரே வாக்கியத்துக்குள் அது தடித்து இறங்கும். அடுத்த சொல்லில் கீச்சென்று ஏறும். முன்பாதியில் பெரிய மனிதனின் அதிகாரம் பேசும். பின்பாதியில் அந்த அதிகாரத்தை ஒருவன் கேலி செய்வான். பேசுபவனும் மறுப்பவனும் ஒரே தொண்டையில் குடியிருக்கிறார்கள். இதனை வெறும் விகடம் என்று ஒதுக்குவது பிழை. நமது காமன் கூத்தையும் பொன்னர் சங்கர் கதையையும் அர்ச்சுனன் தபசையும் கண்டு வளர்ந்தவர்களுக்கு இது புரியாததன்று. கூத்தில் அரசன் ஆர்ப்பரிப்பான். கோமாளியோ சபையின் பக்கம் திரும்பி அந்த ஆர்ப்பாட்டத்தின் உட்பொருளை உடைத்துச் சொல்வான். அரசனைக் கேள்வி கேட்கும் உரிமை அவன் ஒருவனுக்கே உண்டு. ராதா செய்த புரட்சி, அந்தக் கோமாளியை ஓரத்திலிருந்து அழைத்துவந்து கதையின் நடுவே நிறுத்தியதுதான். ஜெர்மானிய நாடகாசிரியர் பிரெக்ட், நடிகன் பாத்திரத்தில் மூழ்கிவிடாமல் அதற்குப் பக்கத்தில் நின்று அதனைக் காட்ட வேண்டும் என்றார். அவ்விதியை ஏட்டில் படிக்காமலே, தெருக்கூத்தின் மரபிலிருந்து ராதா கண்டெடுத்தார் எனலாம்.

பிரட்டுக் களத்தில் துரைக்கும் கணக்கப்பிள்ளைக்கும் முன்னால் வாய்மூடி நிற்கப் பழக்கப்பட்ட மக்களுக்கு இக்குரல் ஏன் இனித்தது என்பது இப்போது விளங்கும். 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலோரை நாடற்றவர்களாக்கிற்று. வாக்குச்சீட்டை இழந்த மக்கள், பெரிய மனிதர்களை முகத்துக்கு நேரே ஏளனம் செய்யும் ஒரு மனிதனைக் கேட்டுச் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பில் மகிழ்ச்சி மட்டுமா இருந்தது? நிறைவேறாத ஒரு பதிலும் இருந்தது.

அரசுகளும் அச்சிரிப்பின் பொருளை அறிந்திருந்தன. ராதாவின் 'இராமாயண' நாடகம் பெரும் எதிர்ப்பைக் கிளப்பிற்று. மனம் புண்படுவோர் வர வேண்டாம் என்று விளம்பரம் செய்தே அவர் அதை நடத்தினார் என்பது நாடறிந்த செய்தி. 1954இல் சென்னை அரசு புதிய நாடகச் சட்டம் ஒன்றை நிறைவேற்றியது. அதன் குறி ராதாவின் மேடையே என்பதை அன்று எவரும் மறைக்கவில்லை. அச்சட்டத்தின் மூதாதை, 1876இல் வெள்ளையர் ஆட்சி கொண்டுவந்த நாடகச் சட்டம். அதற்குக் காரணமாகச் சுட்டப்பட்ட வங்க நாடகங்களுள் ஒன்று 'சாகர் தர்ப்பண்'. அது எதைப் பற்றியது? அசாம் தேயிலைத் தோட்டத் துரைமாரின் கொடுமையைப் பற்றியது! தேயிலைத் தொழிலாளியின் கண்ணீரை மேடையேற்றியவனை அடக்கப் பிறந்த சட்டத்தின் வாரிசுதான் பின்னர் ராதாவின் வாயை அடைக்க முனைந்தது. 1954ஆம் ஆண்டுச் சட்டத்தின் முக்கியப் பிரிவுகளைச் சென்னை உயர்நீதிமன்றம் செல்லாதவை என்று தீர்ப்பளித்தது 2013இல்தான். நடிகர் மறைந்து முப்பத்துநான்கு ஆண்டுகளுக்குப் பிறகு மேடைக்கு நியாயம் கிடைத்தது.

இதுவரை சொன்னவை கொள்ள வேண்டியவை. இனித் தள்ள வேண்டியதற்கு வருவோம்.

'ரத்தக்கண்ணீர்' கதையை நினைவுகூர்க. மேல்நாடு சென்று திரும்பிய செல்வன் மோகன், தாயையும் மனைவி சந்திராவையும் இகழ்கிறான். ஆடல்மகள் காந்தாவிடம் மயங்கிச் செல்வத்தை அழிக்கிறான். தொழுநோய் அவனைப் பற்றுகிறது. பிச்சையெடுத்து அலைந்து, தன் தவற்றை உணர்ந்து மடிகிறான். பணக்காரனின் செருக்கை உரித்துக் காட்டும் முற்பகுதியில் ராதாவுக்கு நிகர் ராதாவே. ஆனால் பிற்பகுதி கேட்கும் கேள்வி என்ன? தீமை செய்தவனுக்கு நோய் வந்தது என்பதுதானே அதன் முடிவு? இது எந்தக் கொள்கை? கடவுளை மறுத்தவர், கர்மவினையை நையாண்டி செய்தவர், அதே கர்மவினையை மருத்துவ உடை அணிவித்து மேடைக்கு அழைத்து வந்திருக்கிறார். விதியை வாசலில் விரட்டிவிட்டுக் கொல்லைப்புறமாக உள்ளே விட்ட கதை இது.

தொழுநோய் பாவத்தின் சம்பளமன்று. அதனை உண்டாக்கும் கிருமியை நோர்வே நாட்டு மருத்துவர் ஹான்சன் 1873இல் கண்டறிந்தார். காமத்தால் வருவதன்று அந்நோய். சிகிச்சை பெறாத நோயாளியோடு நெடுங்காலம் நெருங்கி வாழ்வதால் பரவுவது. 1940களிலேயே அதற்குப் பயனுள்ள மருந்து வந்துவிட்டது. 1981 முதல் உலக சுகாதார நிறுவனம் பரிந்துரைக்கும் கூட்டு மருந்துச் சிகிச்சை, ஆறு அல்லது பன்னிரண்டு மாதங்களில் நோயைக் குணமாக்குகிறது. இலங்கையிலோ, ஒல்லாந்தர் காலத்து ஹெந்தளை மருத்துவமனையும் மட்டக்களப்பின் மாந்தீவும் மனிதரை மனிதரிடமிருந்து பிரித்துவைத்த வரலாற்றின் சாட்சிகள். இன்றும் நம் நாட்டில் ஆண்டுதோறும் புதிய நோயாளிகள் கண்டறியப்படுகின்றனர். ஓர் அறையில் ஒரு குடும்பம் முழுதும் உறங்கும் லயத்தில், தோலில் உணர்வற்ற ஒரு வெளிறிய தழும்பைக் கண்டவன் மருத்துவரிடம் போக வேண்டும். அவமானத்துக்கு அஞ்சி மறைத்தால் இழப்பு அவனோடு நிற்காது. மேடையில் மடங்கிய கையைக் கண்டு கைகொட்டிச் சிரிக்கும் அவை, அந்த அவமானத்தை வளர்க்கிறதா, ஒழிக்கிறதா? மாணவன் செருக்கனான மோகனை நடித்தால் நாம் செல்வத் திமிரைப் பார்த்துச் சிரிக்கிறோம். நோயாளியான மோகனை மட்டும் நடித்தால் நாம் நோயாளியைப் பார்த்தே சிரிக்கிறோம். இரண்டும் ஒன்றல்ல.

பெண்கள் விஷயத்திலும் இதே குறை உண்டு. சாகும் தறுவாயில் மோகன் தன் மனைவியைத் தன் நண்பன் பாலுவிடம் ஒப்படைக்கிறான். மறுமணத்தை 1954இல் துணிந்து காட்டியது பாராட்டத்தக்கது. எனினும் அதிலும் கொடுப்பவன் கணவன், பெறுபவன் நண்பன். சந்திராவின் விருப்பம் கதையின் மையத்தில் இல்லை. காந்தாவோ பொறியாக மட்டுமே வருகிறாள். பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிக்க முத்துலட்சுமி ரெட்டியும் மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரும் போராடினர். 1947இல் சென்னை மாகாணத்தில் சட்டமும் வந்தது. அப்போராட்டத்துக்குத் தோள்கொடுத்த இயக்கத்தின் கலைஞர், அப்பெண்களை உருவாக்கிய சமூகத்தை விட்டுவிட்டு அப்பெண்ணையே குற்றவாளிக் கூண்டில் நிறுத்தியது வருந்தத்தக்கது.

பின்னர் திரையுலகம் அவரை விழுங்கிற்று. 'பாகப்பிரிவினை' (1959), 'பாவ மன்னிப்பு' (1961), 'பலே பாண்டியா' (1962) எனப் படங்கள் குவிந்தன. குடும்பத்தைப் பிரிக்கும் வஞ்சகனாகவும் பேராசைக்காரனாகவும் அவர் அமைத்த உருவங்கள் அழியாதவை. ஆயினும் மேடையில் கேள்வி கேட்டவர், திரையில் பெரும்பாலும் கடைசிச் சுருளில் திருந்தவோ தண்டிக்கப்படவோ வேண்டியவரானார். முதலாளித்துவத் திரை எந்தக் குரலையும் தடைசெய்வதில்லை. விலைகொடுத்து வாங்கி, வில்லன் என்று பெயரிட்டு அடைத்துவைக்கிறது. 1967 ஜனவரி 12ஆம் நாள் எம். ஜி. ஆர். சுடப்பட்ட வழக்கில் அவர் சிறை சென்றார். அச்செயலுக்கு எந்தக் கொள்கையும் கவசமாகாது. விடுதலைக்குப் பின்னும் நடித்த அவர், 1979 செப்டம்பர் 17ஆம் நாள், பெரியாரின் பிறந்தநாளன்று, திருச்சியில் காலமானார்.

நாம் பெற்றுக்கொள்ள வேண்டியது அந்தப் போர்வையையும் மடங்கிய கையையும் அன்று. அதிகாரத்தின் வாக்கியத்தை நடுவிலே முறித்துக் கேள்வியாக்கும் அந்தக் குரலையே பெற்றுக்கொள்ள வேண்டும். அடுத்த கலைவிழாவுக்கு மாணவர்கள் மோகனின் வசனத்தை மனப்பாடம் செய்ய வேண்டாம். 2014 அக்டோபர் 29ஆம் நாள் கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடிற்றே, அதைப் பற்றி ஒரு கோமாளி கேட்க வேண்டிய கேள்விகள் எத்தனை? ஆபத்தான சரிவில் மனிதர் ஏன் குடியிருத்தப்பட்டனர்? உழைப்பவனுக்கு ஏன் ஒரு துண்டு நிலம் இல்லை? இவற்றை நம் பிள்ளைகள் தம் சொந்தச் சொற்களில், தம் மலைத்தமிழில் எழுதி நடிக்கட்டும். அதற்கு மேடை அமைத்துக் கொடுப்பதே, நடிகவேளுக்கு ஆசிரியர்கள் செலுத்தக்கூடிய உண்மையான மரியாதை.