ஸ்மிதா பட்டீலும் தில்லைச் சிவகாமியும்

நடிப்பென்பது வசனத்தை உரத்துப் பேசுதலே எனக் கொள்வார் பலர். 1955 முதல் 1986 வரை முப்பத்தோராண்டே வாழ்ந்த ஸ்மிதா பட்டீல் அக்கருத்தைப் பொய்யாக்கினார். பம்பாய்த் தொலைக்காட்சியில் மராத்திச் செய்தி வாசித்த அவரை ஷியாம் பெனகல் திரைக்கு அழைத்தார். ‘பூமிகா’ (1977) தேசிய விருதை ஈட்டித் தந்தது.

எனினும் அவர் கலையின் உச்சம் அரவிந்தனின் மலையாளப் படமாகிய ‘சிதம்பர’த்திலேயே (1985) காணப்படும். மூணாற்றுப் பக்கத்து மாட்டுப்பண்ணைக்குத் தமிழ்க் கிராமமொன்றிலிருந்து மணமகளாய் வரும் சிவகாமி அதிகம் பேசுவதில்லை. மலைப்பூக்களை வியந்து நோக்கும் கண்களே அவளது பேதைமையைப் புலப்படுத்துகின்றன. அவள் பிழையையும் பின்னர் அக்கண்களே சொல்கின்றன. கணவன் தூக்கிட்டு மாய்கிறான். அப்பிழைக்குக் காரணனானவன் அமைதி தேடி அலைந்து தில்லைக் கோயிலை அடைகிறான். அங்கே வாயிலில் செருப்புக் காத்திருக்கும் பெண் நிமிர்கிறாள். அவள் சிவகாமி! ஆடவனுக்குத் தரிசனம், அவளுக்குச் செருப்புக் காவலா என்னும் வினாவை இயக்குநர் வாய்விட்டு எழுப்பினாரல்லர். ஸ்மிதாவின் முகமே எழுப்புகின்றது. சைவ மரபில் ஊறியோர் உள்ளத்தை அது உறுத்தாமற் போகாது.

‘நமக் ஹலால்’ (1982) படத்தில் மழையில் நனைந்து ஆடியதை வைத்து அவரை இகழ்வாரும் உளர். அவ்விகழ்ச்சி முறையன்று, சிவகாமி பிறந்தது அதற்குப் பின்னரே.