வள்ளியின் பயம்

திருத்தணி என்ற பெயருக்குத் தலபுராணம் சொல்லும் காரணம் பலருக்கும் தெரிந்ததுதான். சூரனோடு போரிட்ட சினமும், வள்ளியின் பொருட்டு வேடர்களோடு போரிட்ட சினமும் முருகனுக்குத் தணிந்த மலை இது. அதனால் மற்ற படைவீடுகளைப் போல இங்கே கந்த சஷ்டியில் சூரசம்ஹாரம் கிடையாது, பூச்சொரிந்து வழிபடுகிறார்கள். ஓர் ஆணின் கோபம் தணிந்ததை ஓர் ஊரே தன் பெயராக வைத்துக்கொண்டிருக்கிறது. அதே கதையில் வள்ளிக்கு வந்த பயம் என்ன ஆயிற்று?

கச்சியப்ப சிவாச்சாரியாரின் கந்தபுராணத்தில் முருகன் வேடனாக வருகிறான், வேங்கை மரமாக நிற்கிறான், கடைசியில் கிழவனாக வந்து வள்ளியிடம் தினைமாவும் தேனும் வாங்கி உண்கிறான். தண்ணீர் கேட்கிறான். பிறகு அவளையே கேட்கிறான். அவள் கடிந்து பேசிவிட்டுத் தினைப்புனத்துக்குத் திரும்புகிறாள். உடனே அவன் அண்ணனை நினைக்க, விநாயகர் யானையாக வந்து மறிக்கிறார். நடுங்கிப்போன வள்ளி அந்தக் கிழவனையே ஓடிவந்து கட்டிக்கொள்கிறாள். இதைத் திருவிளையாடல் என்கிறோம். நாடக மேடையில் யானை வரும் இடத்தில் கூட்டம் சிரிக்கும். நானும் சிரித்திருக்கிறேன்.

ரிச்சர்ட் லாசரஸ் என்ற அமெரிக்க உளவியலாளர் 1966இல் தனியாகவும், 1984இல் சூசன் ஃபோக்மனோடு சேர்ந்தும் எழுதிய நூல்களில் ஒரு கருத்தை நிலைநாட்டினார். நடப்பது மட்டுமே மன அழுத்தத்தைத் தீர்மானிப்பதில்லை. நடப்பதை நாம் எப்படி மதிப்பிடுகிறோம் என்பதும் சேர்ந்தே தீர்மானிக்கிறது. அந்த மதிப்பீட்டில் இரண்டு கேள்விகள் உண்டு. இதனால் எனக்கு ஆபத்தா? ஆபத்து என்றால் என்னால் என்ன செய்ய முடியும், என் கையில் என்ன இருக்கிறது?

இந்தக் கருத்து நம் வீடுகளுக்கு வந்து சேர்ந்தபோது இரண்டாவது கேள்வி வழியில் எங்கோ விழுந்துவிட்டது. மிச்சம் இருப்பது, “எல்லாம் நீ எடுத்துக்கிற விதத்துலதான் இருக்கு.” இதைச் சொல்பவர் பெரும்பாலும் மாமியார், கணவர், சில சமயம் கட்டணம் வாங்கிய ஆலோசகர். கேட்பவள் பெரும்பாலும் பெண். குற்றம் லாசரஸுடையது அல்ல.

வள்ளியிடம் இரண்டு கேள்விகளையும் வைத்துப் பார்ப்போம். எதிரே யானை, ஆபத்துதான். உதவிக்கு யார்? புனத்தில் தனியாகக் காவல் இருப்பவளுக்கு, சற்றுமுன் தான் மறுத்துவிட்டு வந்த ஆளைத் தவிர யாரும் இல்லை. அவள் மதிப்பீட்டில் ஒரு பிழையும் கிடையாது. தெளிவான புத்தியுள்ள எந்தப் பெண்ணும் அந்த முடிவுக்கே வரும்படி அண்ணனும் தம்பியும் சேர்ந்து அந்த இடத்தை ஏற்பாடு செய்திருக்கிறார்கள். பிறகு, அது யானை இல்லை கணபதி, இவன் கிழவன் இல்லை குமரன் என்று தெரிகிறது. அவள் பட்ட பயம் காதலின் முதல் படியாகிறது. அவள் சொன்ன மறுப்பும் இல்லாமல் போகிறது.

சீவான்மாவைப் பரமான்மா வலிய வந்து ஆட்கொள்வதே இது என்று சைவர்கள் பொருள் சொல்வார்கள். தத்துவமாக அதில் எனக்குச் சண்டை இல்லை. ஆனால் இரவு மின்ரயிலில் வந்து திருத்தணியில் இறங்கி வீட்டுக்கு நடக்கும் பெண்ணின் பின்னால் வருபவன் பரமான்மா இல்லை. அவள் வீட்டில் போய்ச் சொன்னால், “விளையாட்டுக்குச் செஞ்சிருப்பான், நீ தப்பா எடுத்துக்காத” என்பார்கள். விளையாட்டு என்ற அதே சொல். சென்னையில் சரிகா ஷா இறந்த பிறகு 1998இல் தமிழ்நாட்டில் வந்த சட்டமும் முதலில் ‘ஈவ் டீசிங்’ என்றே, அதாவது கேலி என்றே, அதற்குப் பெயர் வைத்தது. பெண்களைத் துன்புறுத்துதல் என்று அந்தப் பெயர் மாறியது பிற்பாடுதான். இங்கே பார்வையை மாற்றிக்கொள்ள வேண்டியிருந்தது அரசு.

பார்வையை மாற்றுவது பலிக்காது என்று நான் சொல்லவில்லை. பலிக்கிறது, சிக்கலே அதுதான். ஆர்லி ஹாக்‌ஷீல்ட் 1983இல் விமானப் பணிப்பெண்களைப் பற்றி எழுதிய நூலில், கத்துகிற பயணியைப் பயந்துபோன குழந்தையாக நினைத்துக்கொள்ள அவர்களுக்குப் பயிற்சி தரப்பட்டதைக் காட்டுகிறார். கோபம் உண்மையாகவே அடங்கும். பயணி மட்டும் கத்திக்கொண்டே இருப்பார்.

கதைக்குத் திரும்பினால், வள்ளியைத் தேடிவந்த தந்தையும் உறவினரும் முருகனோடு மோதி மாண்டு விழுகிறார்கள். நாரதர் வந்து, பெற்றவரைக் கொன்றுவிட்டா பெண்ணைக் கொண்டுபோவது என்று கேட்கிறார். முருகன் வள்ளியைப் பார்த்து அவர்களை எழுப்பச் சொல்கிறான். சேதத்தைச் சரிசெய்யும் வேலை அவளிடம் வருகிறது. அவள் எழுப்புகிறாள், திருமணம் நடக்கிறது. பிறகு இருவரும் தணிகை மலைக்கு வருகிறார்கள். இந்த மலைக்கு ஏன் இந்தப் பெயர் என்று முருகன் சொல்கிறான், தன் சினம் இங்கே தணிந்ததை. பக்கத்தில் இருந்து அவள் கேட்டுக்கொண்டிருக்கிறாள்.