காட்டும் பீடிகையும் உரைக்கும் தூணும்: மணிமேகலையில் நினைவின் இருப்பிடங்கள்

முன்னுரை

உ.வே. சாமிநாதையர் 1898-இல் மணிமேகலையைப் பதிப்பித்த பின்னர், மணிபல்லவத் தீவைப் பற்றிய ஆய்வுகள் பெரும்பாலும் அத்தீவு எங்குள்ளது என்னும் வினாவையே சுற்றி வந்துள்ளன. அதனை யாழ்ப்பாணத்தை அடுத்த நயினாதீவாகக் கொள்வோரும் உளர், மறுப்போரும் உளர். அத்தீவின் புத்த பீடிகையும், புகார் நகரத்து உலகவறவி என்னும் அம்பலத்துத் தூணில் அமைந்த கந்திற்பாவையும் முற்பிறப்பு நினைவைத் தம்மிடத்தே காத்து நிற்பன. இடம் தேடுவதோடு அமையாமல், இவ்விரண்டும் தரும் நினைவு ஒரு தன்மையதுதானா என்று வினவுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

பீடிகை காட்டுவது

3 முழம் உயர்ந்து, திசைதோறும் 9 முழம் அகன்று, நடுவே திருவடி பொறித்த ஒளிமிகு இருக்கையாகச் சாத்தனார் பீடிகையைப் புனைகின்றார். அதன்மீது மரங்கள் மணமலரன்றி வேறெதனையும் சொரிவதில்லை. பறவைகளும் அருகே சிறகடித்து ஒலி எழுப்புவதில்லை. நாகநாட்டு மன்னர் இருவர் அதனைத் தமதெனக் கொள்ள முயன்று, பெயர்த்தெடுக்க இயலாமல், தம்முள் போரிட்டனர். புத்தர் தோன்றி அது தமது எனக் கூறிப் பூசலைத் தீர்த்தார். நினைவின் இருப்பிடம் எந்த அரசனுக்கும் உடைமையாகாது என்பதை இக்கிளைக்கதை உணர்த்துகிறது எனலாம்.

பீடிகையைக் கண்ட மணிமேகலை, முற்பிறப்பில் தான் இலக்குமி என்பதையும், கணவன் இராகுலன் நஞ்சுவிழி அரவால் இறக்கத் தான் தீப்புகுந்ததையும் உணர்கிறாள். அவனே உதயகுமரனாகப் பிறந்துள்ளான் என்பதும் அவளுக்குத் தெரியவருகிறது. உண்மையே எனினும் இது அவளைப் பற்றிய நினைவு. அவள் காதலையும் இழப்பையும் பற்றியது. பற்றை அறுக்க வேண்டிய அறிவு பற்றுக்கும் வித்தாகின்றமையை 21-ஆம் காதை காட்டுகிறது. உதயகுமரன் காஞ்சனன் வாளால் இறந்தபோது, அவனைப் பழங்கணவனாகவே எண்ணிப் புலம்பி, அவன் உடலை நாடிச் செல்கிறாள்.

தூண் உரைப்பது

அவளைத் தடுத்து நிறுத்துவது கந்திற்பாவை. பீடிகை காட்டாத ஒன்றை அது உரைக்கிறது. முற்பிறப்பில் முனிவர்க்கு உணவு ஆக்க வந்த மடையன் கால் தளர்ந்து வீழ, உணவுக்கலம் சிதைந்தது. அதற்காக இராகுலன் அவனை வாளால் வெட்டிக் கொன்றான். அவ்வினையே இன்று உதயகுமரன்மேல் வந்து முடிந்தது என்கிறது பாவை. மனைவியின் நினைவில் இடம்பெறாத அடுக்களைத் தொழிலாளியின் சாவு தூணின் நினைவில் இருந்தது. கண்ணால் கண்ட நினைவு தன்னைப் பற்றியது. செவியால் கேட்ட நினைவு தன்னைச் சார்ந்தோரால் துன்புற்ற பிறரைப் பற்றியது. இவ்வேறுபாடே இரண்டு அமைப்புகள் தேவைப்பட்டதன் காரணம் எனக் கருதுகின்றோம்.

சாவக மன்னன் கண்ட என்பு

இக்கருத்திற்கு 25-ஆம் காதை வலிமை சேர்க்கிறது. சாவக நாட்டு மன்னன் புண்ணியராசன் மணிபல்லவம் அடைந்து, பீடிகையைக் கண்டு, முற்பிறப்பில் தான் ஆபுத்திரன் என உணர்கிறான். அமுதசுரபி ஏந்தி வறியோரை ஊட்டியவன், ஆளற்ற தீவில் தனித்து விடப்பட்டு, உண்ணாது உயிர்விட்ட வரலாறு அது. அவன் பெருமிதம் கொள்ளத்தக்க நினைவே. ஆனால் பீடிகையைக் காக்கும் தீவதிலகை அவனை அங்கேயே நிற்க விடவில்லை. அவனைத் தேடி வந்து, அவன் இறந்தமை அறிந்து உயிர்நீத்த 9 செட்டிகளின் என்பையும், அவர்களைச் சார்ந்து மடிந்தோரின் என்பையும் சுட்டி, தன் உயிரையும் பிறர் உயிரையும் போக்கிய கொலைக்கு அவனே பொறுப்பாளன் என இடித்துரைக்கிறாள். மன்னன் மணலைத் தோண்டித் தன் பழைய உடலின் என்புக்கூட்டைக் காண்கிறான். இங்கும் கண்டது தன் கதை. கேட்டது பிறர் கதை.

இதனை மிகைப்படுத்தலும் ஆகாது. கொலையுண்ட மடையனுக்குச் சாத்தனார் பெயர் தரவில்லை. அவன் சாவு வினைக்கோட்பாட்டை விளக்கும் சான்றாகவே பயன்படுகிறது. அவன் துயர் அவன் வாய்மொழியாக எங்கும் ஒலிப்பதில்லை. எனினும் அவனை மறவாத தூண் ஒன்றைப் படைத்தமை காப்பியத்தின் அறவுணர்வைக் காட்டுகிறது.

முடிவுரை

இவ்வட்டாரத்தில் தமிழ் கற்பிக்கும் நாம், சாவக மன்னன் வரலாற்றைத் தமிழர்க்கும் தென்கிழக்காசியாவிற்கும் உள்ள பழந்தொடர்பின் சான்றாக எடுத்துரைத்துப் பழகியுள்ளோம். அது பிழையன்று. ஆயினும் பீடிகையை மட்டும் கண்டு, தீவதிலகையின் சொல்லைக் கேளாது திரும்பும் வாசிப்பு அது. நம் பழம்பெருமையைக் காட்டும் பாடம், அப்பெருமையின் அருகே மணல்மூடிக் கிடக்கும் பிறர் என்பையும் சுட்ட வேண்டும். மாணவர்க்கு 9-ஆம் காதையைக் கற்பிக்கும்போது, 21, 25-ஆம் காதைகளையும் உடன்வைத்துக் கற்பித்தல் வேண்டும் என்பதே நம் துணிபு. அவ்வாறு கற்கும் மாணவன், நான் யார் என்று கேட்பதோடு நில்லாமல், என் பொருட்டு வீழ்ந்தவர் யார் என்றும் கேட்பான்.