காவிரி உடன்படிக்கைகளில் காலம்

இரண்டு பகை அரசுகள் காலத்தினூடே முன்னும் பின்னும் போய்வரும் வித்தையைக் கைவரப் பெற்றுவிட்டால், யார் எந்த ஆண்டுக்குள் நுழையலாம், நடந்து முடிந்ததில் எதைத் தொடக்கூடாது என்று தமக்குள் ஓர் உடன்படிக்கை செய்துகொள்ள வேண்டியிருக்கும் என்பது விஞ்ஞானக் கதைக்காரர்களுக்குப் பிடித்தமான கற்பனை. வெல்ஸின் கால யந்திரம் 1895-இல்தான் அச்சேறிற்று. அதற்கு மூன்று வருஷம் முன்னதாகவே, 1892 பிப்ரவரி 18-ஆம் தேதி, சென்னை ராஜதானியும் மைசூர் சமஸ்தானமும் செய்துகொண்ட ஒப்பந்தம் யந்திரம் ஏதுமின்றியே அந்தக் காரியத்தில் இறங்கிவிட்டது என்று சொன்னால், தஞ்சாவூர்க்காரர்கள் ஆச்சரியப்பட மாட்டார்கள். காவிரி விவகாரம் தண்ணீரின் அளவைப் பற்றியது என்றே மேடைகளில் பேசிப் பழகிவிட்டோம். பத்திரங்களை வரிசையாக வைத்து வாசிக்கிறவனுக்கோ, எந்த இறந்தகாலத்தைச் சாட்சிக்கு அழைப்பது, எவ்வளவு எதிர்காலத்தைக் கட்டிவைப்பது, தண்ணீர் எந்த மாதத்தில் வந்து சேருவது என்பனவே வழக்கின் உயிர்நிலையாகத் தென்படுகின்றன.

1892 ஒப்பந்தம் பின்னோக்கிப் பார்ப்பது. பட்டியலில் கண்ட நதிகளின் குறுக்கே மைசூர் புதிய தேக்கம் கட்டுமுன் சென்னையின் சம்மதத்தைப் பெற வேண்டும். சென்னையும் இஷ்டப்படி மறுத்துவிட முடியாது, ஏற்கெனவே சம்பாதித்து உண்மையில் நடப்பில் இருந்துவரும் அனுபவ பாத்தியதையைக் காக்கும் பொருட்டே மறுக்கலாம். கரிகாலன் பேரால் வழங்கும் கல்லணையும், 1836-இல் ஆர்தர் காட்டன் கட்டிய மேலணையும், அவற்றின் கீழே தலைமுறை தலைமுறையாகப் பாய்ந்த வாய்க்கால்களும் இவ்வாறு சாட்சிக் கூண்டில் ஏறின. முந்தி உழுதவனுக்கு முந்திய உரிமை என்ற இந்த நியாயம் தஞ்சைக்கு இனிப்பானதுதான். ஆனால் 1881-இல்தான் உடையார் வம்சத்துக்குத் திரும்பக் கிடைத்த ஒரு சமஸ்தானம், பிரிட்டிஷ் ஆட்சிக்குட்பட்ட ராஜதானியோடு சரிசமமாக உட்கார்ந்தா கையெழுத்திட்டிருக்கும் என்று கர்நாடகத்தார் கேட்பதை வெறும் வீம்பு என்று நாம் தள்ளிவிடலாகாது.

கண்ணம்பாடியில் விசுவேசுவரய்யா திட்டமிட்ட அணை அந்தப் பழைய ஷரத்துகளைச் சோதித்தது. மத்தியஸ்தராக அமர்ந்த கிரிஃபின் 1914-இல் அளித்த தீர்ப்பு மைசூருக்குச் சாதகமாக முடிய, சென்னை அதை ஒப்பாமல் லண்டன் வரை கொண்டுபோயிற்று. 1924 பிப்ரவரி 18-இல், முந்தைய ஒப்பந்தத்தின் அதே மாதத்தில் அதே தேதியில், இரண்டாவது உடன்படிக்கை பிறந்தது. மைசூருக்குக் கண்ணம்பாடி, சென்னைக்கு மேட்டூர் என்று அணைகளைப் பங்கிட்டதைவிட, நான்காவது முதல் எட்டாவது வரையுள்ள ஷரத்துகள் ஐம்பது ஆண்டு கழிந்ததும் மறுபரிசீலனைக்கு உரியவை என்று அது சொல்லிவைத்த ஒரு வாக்கியமே பின்னாளில் பெரும் சங்கடத்தை விளைவித்தது. 1974-இல் ஒப்பந்தமே காலாவதி ஆயிற்று என்றது கர்நாடகம். சில ஷரத்துகளைத் திரும்பப் பார்க்கலாம் என்பதற்குமேல் அதற்குப் பொருளில்லை என்றது தமிழ்நாடு. பேரப்பிள்ளைகளின் காலத்துக்கு எழுதிவைத்தவர்கள், அந்தப் பேரப்பிள்ளைகள் வாசிக்கும்போது எழும் ஐயத்தைத் தீர்க்க உயிரோடு இருக்கவில்லை. 2018 பிப்ரவரி 16-இல் உச்ச நீதிமன்றம், உடன்படிக்கை செல்லத்தக்கதே, ஆயினும் 1974-இல் முடிவுற்றது என்று இரு தரப்புக்கும் பாதி பாதி கொடுத்தது.

மாதக் கணக்குக்கு வருவோம். காவிரி நடுவர் மன்றம் 2007-இல், எல்லையிலுள்ள பில்லிகுண்டுலுவில் தமிழ்நாட்டுக்கு ஆண்டுக்கு 192 டி.எம்.சி. என்று வகுத்ததை 177.25 ஆகக் குறைத்த நீதிமன்றம், ஜூனுக்கு 9.19, ஜூலைக்கு 31.24, ஆகஸ்டுக்கு 45.95 என்று மாதவாரியாகப் பிரித்த அட்டவணையையும் விட்டுவைத்தது. டெல்டாக்காரனுக்கு இந்த அட்டவணைதான் உடன்படிக்கை. மொத்தத் தொகை வக்கீல்களுக்கு. ஜூன் 12-இல் மேட்டூர் திறந்தால்தான், கல்லணையில் நெல்லும் மலரும் தூவி மதகை உயர்த்தி, காவிரியிலும் வெண்ணாற்றிலும் கல்லணைக் கால்வாயிலும் பிரித்து விட்டு, கடைமடை வரை நனைந்து, குறுவை நாற்று வயலுக்கு இறங்கும். ஏறக்குறைய நூற்றுப்பத்து நாள் பயிர் அது. ஐப்பசி மழைக்கு முன் கதிர் வீட்டுக்கு வந்தாக வேண்டும். ஒரு மாதம் பிந்தினால் அறுப்பு மழையில் மாட்டிக்கொள்ளும். ஈரப்பதம் 17 சதவீதத்தைத் தாண்டியதென்று கொள்முதல் நிலையத்து வாசலிலேயே நெல் குவிந்து முளைவிடும். அடுத்து வர வேண்டிய தாளடியும் தள்ளிப்போகும். 2024-இல் ஜூன் 12 வந்தும் மேட்டூர் திறக்கவில்லை. ஜூலைக் கடைசியில் கர்நாடக அணைகள் நிரம்பி வெள்ளமாக விட்ட பிறகு, 28-ஆம் தேதி திறந்தார்கள். அடுத்த சில நாளில் மேட்டூரும் நிரம்பி, உபரி கொள்ளிடத்தின் வழியாகக் கடலைப் பார்த்துப் போயிற்று. ஏட்டில் வரவு சரி; ஆனால் குறுவைக்கு உழுது வைத்த வயல் ஜூனில் கேட்ட தண்ணீர் அதுவல்ல.

இந்த ஏற்பாட்டின் அஸ்திவாரமாக, காவிரிப் படுகையில் ஆண்டுக்குக் கிடைக்கும் மொத்த நீர் என்று நடுவர் மன்றம் கொண்ட 740 டி.எம்.சி.யும் ஒரு காலக் கணக்கே. பழைய பிரவாகங்களை அடுக்கி, இரண்டு வருஷத்தில் ஒரு வருஷமாவது இவ்வளவு ஓடும் என்ற ஐம்பது சதவீத நம்பகத்தின் மேல் எழுப்பியது அது. மற்ற வருஷங்களில் பற்றாக்குறையை விகிதாசாரப்படி பகிர்ந்துகொள்க என்கிறது தீர்ப்பு. விகிதாசாரம் அளவைக் குறைக்கும். குறைந்த நீர் முந்தி வருமா பிந்தி வருமா என்பதைச் சொல்லாது.

பங்கீட்டை உச்ச நீதிமன்றம் பதினைந்து ஆண்டுக்கு மாற்றமின்றி நிறுத்தியிருப்பதால் 2033-இல் மறுபடியும் பத்திரங்கள் புரட்டப்படும். அப்போது சென்னை தரப்பு மொத்தத்தில் இரண்டு டி.எம்.சி. கூட்டிக் கேட்பதைக் காட்டிலும், பற்றாக்குறை வருஷத்தில் ஜூன், ஜூலைப் பங்குக்கே முதல் காப்பு என்று ஒரு ஷரத்தை எழுதி வாங்குவது, குறுவை நடுகிறவனுக்கு அதிக உபகாரமாக இருக்கும்.